அங்க அடையாளம்

என் முதல் இரண்டு குழந்தைகளும் ஒரு மாதம்கூடத் தங்கவில்லை. மூன்றாவதாகப் பிறந்த மகனுக்கு, பதினாறாம் நாளே வலது மூக்கைக் குத்தி மெல்லிய தங்க வளையம் போட வைத்தார் மாமியார். உடம்பில் குறைபட்ட மூளிப் பிள்ளையை எமன் தொடமாட்டானாம். எஸ்.எஸ்.எல்.சி. படித்த எனக்கு அதில் நம்பிக்கை இல்லை. வேண்டாம் என்றும் சொல்லவில்லை. ஐந்து வருடம், குளிப்பாட்டும்போதுகூட அந்த வளையத்தில் கை படாமல் பார்த்துக்கொண்டேன்.

ஜூன் மாதம், பள்ளியில் சேர்க்கும் நாள். "பசங்க கிண்டல் பண்ணுவாங்க, கழட்டிட்டுக் கூட்டிட்டுப் போ" என்று சொல்லிவிட்டுக் கணவர் கீழ்பென்னாத்தூர் பஸ்ஸுக்குக் கிளம்பிவிட்டார்.

"எனக்கென்னம்மா தெரியும், நீ படிச்சவ" என்றார் மாமியார்.

தேரடித் தெருவில் நகை செய்யும் பத்தர் கடை. வளையம் சதையோடு இறுகியிருந்தது. பத்தர் சின்னக் கத்திரியை எடுத்தார்.

"வெட்டட்டுமாம்மா?"

"வெட்டுங்க." கத்திரி மூக்கருகே போனதும், "இருங்க, இருங்க" என்றேன்.

"மொத போணியே இப்படி இழுக்குதே!" என்று அவர் சிரித்தார்.

மகன் சிரிக்கவில்லை. "இத எடுத்தா நான் செத்துடுவனாம்மா?"

வீட்டில் எல்லாரும் அவனை வைத்துக்கொண்டே பேசியதுதான்.

"மாட்டடா."

"அப்ப எதுக்குப் போட்டே?"

பயத்தில் என்று சொல்லியிருக்கலாம். சொல்லாமல் பத்தரைப் பார்த்துத் தலையசைத்தேன். கத்திரி 'டக்' என்றது. அவன் மார்பு ஏறி இறங்குகிறதா என்றுதான் முதலில் பார்த்தேன்.

பள்ளியில் தலைமையாசிரியர் அவனைத் தலைக்கு மேலாகக் கையைப் போட்டு மறுபக்கக் காதைத் தொடச் சொன்னார். தொட்டான். பிறகு பதிவேட்டைத் திறந்தார்.

"அங்க அடையாளம் ரெண்டு சொல்லுங்கம்மா."

"இடது முழங்கால்ல ஒரு மச்சம் சார்."

"இன்னொண்ணு?"

ஏதாவது தழும்பு இருக்காதா என்று அவன் கைகளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். அவன் கையை உருவிக்கொண்டு மோவாயைத் தூக்கினான்.

"இங்க ஓட்டை இருக்கு சார். எங்க கிளாஸ்ல யாருக்கும் இருக்காது."

இன்னும் வகுப்பையே பார்க்காதவன். தலைமையாசிரியர் என்னைப் பார்த்தார். தூர்ந்துவிடும் சார், வேண்டாம் என்று சொல்ல வாய் வரைக்கும் வந்துவிட்டது.

"எழுதிக்கங்க சார்" என்றேன்.

'வலது மூக்கில் துளை' என்று எழுதினார். முந்தானை முடிச்சில் இருந்த வளையத்தை இறுகப் பிடித்திருந்த நான், அந்த மை காய்ந்த பிறகுதான் கையை எடுத்தேன்.