நீலம், இல்ல, கரும்பச்சை

என் வீட்டுக்காரர் அரசு வக்கீல். கொலை வழக்குகளில் வாதாடியே தலை நரைத்தவர். ஓய்வு பெற்றதும் நரைக்குச் சாயம் பூசிக்கொண்டு, அதே வழக்குகளைப் பற்றிய ஆவணப்படங்களில் பேசக் கிளம்பிவிட்டார். கேமராவைக் கண்டால் மனுஷருக்குத் தலைகால் புரியாது.

அவருக்குப் பேர் வாங்கிக் கொடுத்தது மருந்துக்கடை முதலாளி கொலை. கடையில் வேலை பார்த்தவனுக்கு ஆயுள் தண்டனை. இன்னும் உள்ளேதான் இருக்கிறான். அவன் ஓடியதைப் பார்த்ததாக எதிர்வீட்டுத் தையல்காரம்மா சொன்னது ஒன்றுதான் சாட்சி. "யோசிச்சு யோசிச்சுச் சொன்னாங்க. பொய் சொல்றவங்க அப்படிச் சொல்ல மாட்டாங்க" என்பார் இவர், படத்துக்குப் படம். நானும் பெருமையாகத் தலையாட்டியிருக்கிறேன்.

போன மாதம் வந்த படத்தில் அந்தம்மாவே பேசினார். ஓடியவன் போட்டிருந்த சட்டை என்ன நிறம் என்று கேட்டதும் நெற்றியைத் தடவினார். "நீலம்... இல்ல, கரும்பச்சை" என்றார். அடுத்து இவர் வந்து, அந்தம்மா அன்று கோர்ட்டில் சொன்னதைப் பெருமையாக வாசித்தார். அன்றும் "நீலம், இல்ல, கரும்பச்சை"தான். இத்தனை வருஷம் கழித்தும் ஒருத்தர் அதே இடத்திலா தடுமாறுவார்? எனக்குச் சுருக்கென்றது.

"அவங்களுக்கு நீங்க ஏதாவது சொல்லிக் கொடுத்தீங்களா?"

"என்னையே குறுக்கு விசாரணை பண்றியா?" என்று சிரித்துவிட்டு டிவியை அணைத்தார். தான் வரும் படத்தை அவர் பாதியில் அணைத்ததே கிடையாது.

அடுத்த படத்துக்கு என்னையும் பேட்டி எடுக்க வந்தார்கள். கூடத்தில் விளக்குகளை மாட்டிக்கொண்டிருந்தபோது இவர் சமையலறைக்குள் வந்தார்.

"சாட்சிங்க வீட்டுக்கு வருவாங்களான்னு கேப்பாங்க. பட்டுன்னு பதில் சொல்லாத. 'வந்திருப்பாங்க...'னு இழு. நெத்தியைத் தடவிக்கோ. அப்புறம் 'இல்ல, யாரும் வந்ததில்ல'னு சொல்லு. அப்பதான் நம்புவாங்க. எங்க, ஒரு தடவை சொல்லு பார்ப்போம்."

இந்த மனுஷரோடா இத்தனை காலம் குடித்தனம் நடத்தினேன்? ஆத்திரம் ஒரு பக்கம். உள்ளே கிடக்கிறவனை நினைத்தால் பயம் ஒரு பக்கம். கூடத்துக்குப் போய் நாற்காலியில் உட்கார்ந்தேன்.

படம் எடுக்கும் பெண் சுற்றி வளைக்கவில்லை. "சாட்சிகளுக்கு சார் சொல்லிக் கொடுப்பாரா மேடம்?"

அவள் முதுகுக்குப் பின்னால் நின்றுகொண்டு இவர் நெற்றியைத் தடவிக் காட்டினார்.

"கொடுப்பார்" என்றேன். "இப்பவும் கொடுத்துட்டுதான் இருக்கார். கேமராவை அந்தப் பக்கம் திருப்பும்மா."