குச்சி இல்லாத ராக்கெட்

எழுபதுகளின் தொடக்கத்தில் அருப்புக்கோட்டை உயர்நிலைப் பள்ளி ஒன்றில் நான் அறிவியல் வாத்தியார். வேலை இன்னும் நிரந்தரமாகவில்லை. இன்ஸ்பெக்டர் வந்து பார்த்து நல்லபடியாக எழுதினால்தான் ஆகும். அவர் வருகிற அன்று ராக்கெட் படம் காட்டி அசத்திவிடுவது என்று கிளம்பினேன்.

மதுரையிலிருந்து படமும் புரொஜெக்டரும் பஸ்ஸில் வந்தன. திரைக்குத் தலைமை ஆசிரியரின் வேட்டி. வெளிச்சத்தை மறைக்க, நெசவாளர் வீட்டுப் பிள்ளைகள் கொண்டுவந்த அரக்குச் சேலைகள் ஜன்னல்களில் தொங்கின. படத்தில் பேச்செல்லாம் இங்கிலீஷ். எனக்குப் பாதிதான் புரிந்தது. ஒன்பதாம் வகுப்புக்கு முழுசாகவே விளக்கினேன்.

ராக்கெட் நெருப்பைக் கக்கிக்கொண்டு, வேட்டிக் கரையைத் தாண்டிச் சுவரில் ஏறியது. ஒரே கைதட்டல். முன் பெஞ்சில் ஒரு பெண் எழுந்தாள்.

"சார், குச்சி எங்க?"

எங்கள் பக்கத்தில் ராக்கெட் என்றால் சிவகாசி ராக்கெட்தான். குச்சியோடு பாட்டிலில் நிறுத்திக் கொளுத்துவது. வகுப்பே கொல்லென்று சிரித்தது. நானும் சேர்ந்துகொண்டேன்.

"ஏம்மா, அடுத்து பாட்டில் எங்கன்னு கேப்பியா?"

அவள் உட்காரவில்லை. "குச்சி ஒடிஞ்சா பக்கத்து வீட்டுக்குள்ள பாஞ்சிரும்ல சார். இது மட்டும் எப்பிடி நேரா போகுது?"

எனக்கே அதற்குப் பதில் தெரியாது.

கடைசி பெஞ்சிலிருந்து இன்ஸ்பெக்டர், "நல்ல கேள்வி. சார் சொல்லுவாரு" என்றார்.

"அது அடுத்த பாடத்துல வருதும்மா" என்றேன். அப்படி ஒரு பாடமே புத்தகத்தில் கிடையாது.

வெளியே போகும்போது இன்ஸ்பெக்டர் என்னை ஓரமாகக் கூப்பிட்டார். "எனக்கு மட்டும் சொல்லுங்க. குச்சிய எங்க வச்சிருக்காக?"

"உள்ள சார்."

"அதான பாத்தேன்" என்று தலையாட்டிவிட்டு, 'கற்பித்தல் மிக நன்று' என்று எழுதினார். வேலை நிரந்தரமானது.

அந்தப் பெண்தான் விடவில்லை. ஒவ்வொரு பாடம் முடியும்போதும், "அடுத்ததுலயா சார்?" என்பாள். "ஆமாம்மா" என்பேன். கேலி செய்கிறாளோ என்று முகத்தைப் பார்ப்பேன். இல்லை, என்னை நம்பினாள். அதுதான் தாங்கவில்லை.

வருடக் கடைசியில் வந்து நின்றாள். "புத்தகம் முடிஞ்சிருச்சே சார். பத்தாவதுல வருமா?"

"வரும்மா."

ஜூனில் பள்ளி திறந்ததும் தலைமை ஆசிரியரிடம் போய், எனக்குப் பத்தாவது வேண்டாம், ஆறாவது போதும் என்றேன். மறுபேச்சில்லாமல் கொடுத்தார். நிரந்தரமான வாத்தியார் கேட்டால் கொடுப்பார்கள்.