சுருக்கமில்லாத பிளவுஸ்

ராஜபாளையத்தில் என் ஜெராக்ஸ் கடைக்குப் பக்கத்துக் கடை அனுசியா அக்காவுடையது. பிளவுஸ் தைக்க வருகிறவர்கள் அளவு ஜாக்கெட்டோடு செல்போனில் ஒரு நடிகை படத்தையும் நீட்டுவார்கள். அக்கா படத்தைப் பெரிதாக்கிக் கழுத்தைப் பார்ப்பாள், கையைப் பார்ப்பாள், அச்சு அசலாகத் தைத்துவிடுவாள். எந்த நடிகை எந்த விழாவுக்கு என்ன உடுத்தினாள் என்று அக்காவைக் கேட்டால் கொக்கி எத்தனை என்பதுவரை சொல்லுவாள்.

அப்பேர்ப்பட்டவளையே மம்சாபுரம் சத்யப்பிரியா திணறடித்துவிட்டாள். வெள்ளிக்கிழமை அவளுக்கு ஸ்ரீவில்லிபுத்தூரில் நிச்சயதார்த்தம். அவள் காட்டிய படத்தில் நடிகையின் பிளவுஸில் ஒரு சுருக்கம்கூட இல்லை. அதேபோல் வேண்டும், இல்லாவிட்டால் மதுரையில் கொடுத்துக்கொள்கிறேன் என்றாள். அக்காவுக்கு ரோஷம் வந்துவிட்டது. மூன்று முறை பிரித்துத் தைத்தாள். மூன்றாம் முறை சத்யப்பிரியா போட்டுப் பார்த்துக் கையைத் தூக்கியதும் தையல் படாரென்று விட்டது.

அன்று அக்கா சாப்பிடவே இல்லை. தொழில் மறந்துவிட்டதோ என்று பயந்துவிட்டாள். நான் சொன்ன சமாதானம் எதுவும் எடுபடவில்லை.

வியாழக்கிழமை காலையில், அந்த நடிகையைப் படம் எடுத்தபோது பிடித்த வீடியோ ஒன்று அக்கா கண்ணில் பட்டது. நடிகை சிரித்தபடி திரும்பினாள். முதுகில் துணியை இழுத்துப் பிடித்தபடி வரிசையாக ஆறு கிளிப். கொடியில் துணிக்குப் போடுகிற மாதிரிதான். அக்கா நாலு தடவை ஓட்டிப் பார்த்தாள். அப்புறம் சிரித்த சிரிப்பில் தெருவே எட்டிப் பார்த்தது.

உடனே சத்யப்பிரியாவை வரவழைத்து வீடியோவைக் காட்டினாள்.

"ஏட்டி, அவிய படத்துக்கு நிக்காவ. நீ தட்டு வாங்கணும், பெரியவிய கால்ல விழணும், பந்தியில உக்காந்து சாப்பிடணும். உனக்குக் குனிய நிமிரத் தோதா தைக்கேன். போட்டோ எடுக்கையில நான் கிளிப்போட வாரேன்."

"அம்புட்டுதானாக்கா விசயம்?" என்றாள் சத்யப்பிரியா.

படம் அம்சமாக வந்தது. வினையும் அதில்தான் வந்தது. அடுத்த வாரமே சேத்தூர்ப் பெண் ஒருத்தி சத்யப்பிரியாவின் படத்தை நீட்டி, "இதே மாதிரி, சுருக்கமில்லாம" என்றாள். அக்காவுக்கு முகமே செத்துவிட்டது. தன்னைப் பாடாய்ப்படுத்திய பொய்யைத் தானும் ஊருக்குள் விட்டுவிட்டோமே என்று என்னிடம் புலம்பினாள்.

இப்போது கடையில் இரண்டு படங்கள் மாட்டியிருக்கின்றன. ஒன்றில் சத்யப்பிரியா நடிகை மாதிரி நிற்கிறாள். மற்றதில் முதுகில் ஐந்து கிளிப்போடு திரும்பிப் பார்த்துச் சிரிக்கிறாள். அதையும் சேர்த்து மாட்டச் சொன்னது அவளேதான். வருகிறவர்கள் முதல் படத்தை ஆசையாகப் பார்க்கிறார்கள், இரண்டாவதைச் செத்த நேரம் பார்க்கிறார்கள். பொறவு, "கொஞ்சம் தளர்வாவே தைங்கக்கா" என்கிறார்கள்.