முனை காணாத பந்து

தெஹியோவிட்டயில் றப்பர் ஒட்டுப்பால் மூட்டையொன்றைப் பஸ்ஸில் ஏற்றியதும் எல்லோரும் மூக்கைப் பொத்திக்கொண்டார்கள். நான் மட்டும் ஆசையாக மோந்தேன்.

இன்று கார்மண்ட் ஃபெக்டரி நிற்கும் இடத்தில், அன்று றப்பர் ஸ்டோருக்குப் பின்னால் ஒரு திடல் இருந்தது. அங்கே நாங்கள் விளையாடிய பந்துக்கும் இதே நாற்றம்தான். றப்பர் மரத்தின் வெட்டில் உறைந்து கிடக்கும் ஒட்டுப்பாலை நாடா நாடாவாக உரித்து, தோட்டத்து லயத்துப் பிள்ளையான நானும், கீழ்க் கிராமத்துச் சிங்களப் பையன் நிமலும், சந்திக் கடைக்காரர் மகன் ரிஸ்வானும் மாறி மாறிச் சுற்றித் தோடம்பழ அளவுக்கு வளர்த்த அந்தப் பந்து, தரையில் பட்டால் ஸ்டோர் கூரைக்கு மேலே எகிறும்.

ஒருநாள் அவுட்டா இல்லையா என்று சண்டை முற்றிப் போனது.

“எபா, விளையாட்டே வேணாம்! என்னோட பாலை எனக்குப் பிரிச்சுக் குடுங்க!” என்று நிமல் கத்தினான்.

மூவரும் குந்தியிருந்து பிரித்தோம். நகத்தால் கீறினோம், நான் பல்லாலும் கடித்து இழுத்தேன். எங்கள் கைச்சூடு பட்டு அது இன்னும் இறுகிக்கொண்டது.

“முனையே காணலடா!” என்று ரிஸ்வான் சிரிக்கத் தொடங்க, எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

நிமல் பந்தைப் பிடுங்கி, திருப்பித் திருப்பிப் பார்த்து, ஓங்கித் தரையில் அடித்தான். அது கூரைக்கு மேலே போய்க்கொண்டிருக்கும்போதே கேட்டான்:

“ஹரி ஹரி, சரி, இப்ப யாரு பேட்டிங்?”