ஜெர்மன் நடிகைக்கு அம்மா கொடுத்த குரல்

நான் முதன்முதலில் வாய்பிளந்து பார்த்த நடிகை யாழ்ப்பாணத் தமிழ் பேசினார். அவர் ஜெர்மன்காரி. நான் பிறப்பதற்கு வெகுகாலம் முன்பே நடிப்பை விட்டவர்.

அது தொண்ணூறுகளின் தொடக்கம். அகதிகளாக வந்திறங்கிய வெளிநாட்டில், ஏவன்டேல் என்ற இடத்தில், ரயில் பாதையோரம் ஒரு வாடகை வீட்டில் அம்மாவும் நானும் அம்மாவின் தம்பியான மாமாவும் இருந்தோம். கொழும்பில் ஒருநாள் வேலைக்குப் போன அப்பா திரும்பவில்லை. அவருடைய சட்டை ஒன்று எங்கள் சூட்கேசின் அடியில் மடித்தபடி கிடந்தது. அதை நான் தொடக்கூடாது. இங்கே வந்தபின் அம்மா வாய் திறப்பதே அபூர்வம். சாப்பிடு, குளி, படு என்பதோடு சரி.

மாமாவுக்கு அது பொறுக்கவில்லை. நூலகத்திலிருந்து வீடியோ கசெட்டுகள் கொண்டுவந்தார். மூவருக்கும் ஆங்கிலம் தகராறு என்பதால் பேசாப் படங்களாகப் பார்த்து எடுத்தார். எல்லாவற்றிலும் அதே நடிகை. இடையிடையே வரும் எழுத்துகளை வாசித்து மாமா சொன்ன கதைக்கும் திரையில் நடந்ததற்கும் சம்பந்தமே இருக்காது. ஒரு சனிக்கிழமை அம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

"விசர்க்கதை கதையாதை. அவள் வழி கேக்கேல்லை, பிள்ளைக்குப் பால் கேக்கிறாள்" என்றார்.

அன்றிலிருந்து நடிகைக்கு அம்மாதான் குரல். அவர் ராணியாக வந்தால் அம்மாவின் குரல் நிமிரும். பூக்காரியாக வந்தால் கெஞ்சும். ஜேப்படிக்காரியாக வந்தபோது அம்மா பொலிஸ்காரனிடம் சொன்ன பொய்களை என்னால் நம்பவே முடியவில்லை. அந்தப் பெரிய கண்கள் ஒருமுறை மூடித் திறப்பதற்குள் ஒரு வாக்கியம் முடிந்திருக்கும். என் அம்மாவிடம் இவ்வளவு சொற்கள் இருந்தனவா! ஒவ்வொரு படம் முடிந்ததும் நான் கைதட்டுவேன்.

கடைசியாக வந்தது அவருடைய ஒரே பேசும்படம். அவர் பேசியது யாருக்கும் பிடிக்கவில்லையாம், அதோடு வாய்ப்பே நின்றுபோனதாம். கசெட் பெட்டியின் பின்புறத்தைத் தட்டுத்தடுமாறி வாசித்து மாமா சொன்னார்.

"இண்டைக்கு அவவே கதைப்பா அக்கா. உங்களுக்கு லீவு."

போருக்குப் போன கணவனுக்காக நடிகை ரயில் நிலையத்தில் நின்றார். வாயைத் திறந்தார். எங்களுக்கு விளங்காத, மெலிந்த ஒரு குரல் வந்தது. அம்மா சற்று நேரம் கேட்டிருந்துவிட்டு எழுந்து பாத்திரம் கழுவக் குசினிக்குப் போய்விட்டார். எனக்குப் பயம் பிடித்துக்கொண்டது. அம்மா பழையபடி பேசாமல் இருந்துவிட்டால்? ஓடிப்போய் டிவியின் சத்தத்தை முழுவதும் குறைத்தேன்.

"அம்மா, இப்ப அவவுக்குக் குரல் இல்லை. ஓடி வாங்கோ!"

திரையில் ரயில் வந்து நின்றது. ஆண்கள் இறங்கிப் போனார்கள். கணவன் இல்லை. நடிகையின் உதடுகள் அசைந்தன. அம்மா ஈரக் கையோடு குசினி வாசலில் வந்து நின்றார்.

"உங்கட நீலச் சட்டையைத் தோய்ச்சு வச்சிருக்கிறன். கிழிஞ்ச கொலரையும் தைச்சிட்டன். எப்ப வருவியள்?"

மாமா ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். நானோ மலைத்துப்போனேன். படம் கறுப்பு வெள்ளை. கணவன் இன்னும் திரைக்கே வரவில்லை. அவனுடைய சட்டை நீலம் என்று அம்மாவுக்கு எப்படித் தெரிந்தது? என் அம்மா இவ்வளவு கெட்டிக்காரியா என்று, படம் முடியும்வரைகூடப் பொறுக்காமல், கை வலிக்க வலிக்கத் தட்டினேன்.