பாஸ்போர்ட் விசாரணையும் பக்கத்து வீட்டு அக்காவும்

எங்கள் குடும்பத்தில் முதலில் பாஸ்போர்ட் எடுத்தது நான். அதற்கு என்ன செலவாகும் என்பதை விண்ணப்பத் தாளைப் படித்தே தெரிந்துகொள்ளலாம் என்று நம்பியதும் நான்தான். கட்டணம் முந்நூறு ரூபாய் என்று போட்டிருந்தது. அப்பா அதை இரண்டு தடவை வாசிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டு, "ஒரு வாரக் கூலி. பரவால்ல கண்ணு, எடுத்துப்போடலாம்" என்றார். தொண்ணூறுகளின் நடுவில் அது நடந்தது. எனக்கு இருபத்து மூன்று வயது.

அப்பா கருமத்தம்பட்டியில் விசைத்தறி ஓட்டியவர். எனக்கு நர்ஸ் வேலை கிடைத்த பிறகு வீட்டைக் காலி செய்துகொண்டு சிங்காநல்லூரில் ஒரு லைன் வீட்டுக்கு வந்துவிட்டோம். ஆறு வீடுகள் ஒரே ஓட்டுக்கூரையின் கீழ் வரிசையாக இருக்கும். தண்ணீர்க் குழாய் பொது, துவைக்கிற கல் பொது, சண்டையும் பொது. அப்பா மட்டும் தினமும் பஸ் பிடித்துப் பழைய தறிக்கே போய் வந்துகொண்டிருந்தார். பஞ்சுத் தூசி நெஞ்சில் இறங்கி இருமல் பிடித்துக்கொண்டது. எங்கள் ஆஸ்பத்திரி டாக்டர் அவரைப் பார்த்துவிட்டு, தறிப் பக்கமே போகக்கூடாது என்று என்னிடம் தனியாகச் சொன்னார். சொல்வது சுலபம். என் சம்பளத்தில் வாடகையும் மளிகையும் போனால் மிச்சம் பஸ் காசுதான்.

அந்த நேரத்தில்தான் மஸ்கட்டில் ஒரு ஆஸ்பத்திரிக்கு ஆள் எடுத்தார்கள். நேர்முகத்தில் நான் தேறிவிட்டேன். நான்கு மாதத்துக்குள் பாஸ்போர்ட் நகலை அனுப்ப வேண்டும், தவறினால் பட்டியலில் அடுத்து இருக்கிற பெண்ணுக்கு வேலை போய்விடும் என்றார்கள். அந்த அடுத்த பெண்ணை நான் பார்த்தது கூட இல்லை. இருந்தாலும் அவள் மேல் எனக்கு ஏகப்பட்ட கோபம்.

கோயமுத்தூரில் அப்போது பாஸ்போர்ட் ஆபீஸ் கிடையாது. எல்லாவற்றுக்கும் திருச்சிதான். தபாலில் அனுப்பலாம் என்று சொன்னார்கள். அப்பாவுக்கு அரசாங்கத்துக்குக் கொடுக்கிற காகிதத்தைக் கையில் கொடுத்தால்தான் நிம்மதி. விடியற்காலையில் பஸ் ஏறினோம். பல்லடம், காங்கேயம், கரூர் என்று ஊர்கள் போகப் போக, அப்பா ஜன்னலோரம் உட்கார்ந்து எந்த ஊரில் எத்தனை தறி இருக்கும் என்று கணக்குச் சொல்லிக்கொண்டே வந்தார். நானும் அவரும் மட்டுமாக அவ்வளவு தூரம் போனது அதுதான் முதல் தடவை. அவர் வாங்கிக் கொடுத்த வெள்ளரிக்காயின் உப்புக் காரம் இன்றைக்கும் நாக்கில் இருக்கிறது.

முந்நூறு ரூபாய் என்பது எவ்வளவு பெரிய பொய் என்று திருச்சியில் தெரிந்தது. போட்டோவின் பின்னணி சரியில்லை என்று ஆபீஸுக்கு எதிரே இருந்த ஸ்டூடியோவில் மறுபடி எடுத்தோம். நகல்களில் கெஜட்டட் அதிகாரியின் கையெழுத்து ஒன்று குறைந்தது. அதற்கு ஆட்டோ. நான் பூர்த்தி செய்திருந்த தாளில் ஓர் அடித்தல் இருந்ததால் புதுத் தாள் வாங்கி, மரத்தடியில் மேசை போட்டிருந்தவரிடம் காசு கொடுத்து எழுதி வாங்கினோம். நர்ஸிங் படித்தவளுக்குத் தன் பெயரை எழுதத் தெரியாதா என்று நான் எகிறினேன். அவர் நிமிர்ந்தே பார்க்காமல், "எழுதத் தெரியும்மா, அடிக்காம எழுதத் தெரியணும்" என்றார். அப்பாவுக்கு அது நெம்பப் பிடித்துவிட்டது. வரும் வழியெல்லாம் அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தார்.

கவுன்ட்டரில் பணம் கட்டும்போது இன்னொன்று நடந்தது. ஆயுசு முழுக்க நூல் மண்டியிலும் சந்தையிலும் பேரம் பேசிப் பழகிய மனுஷன் அவர். நோட்டுகளைக் கையிலேயே பிடித்துக்கொண்டு, "ஏனுங்க, கொஞ்சம் பார்த்துப் போட்டுக்கக் கூடாதுங்களா? அடுத்த வருஷம் பையனுக்கும் இங்கதானுங்க எடுப்போம்" என்றார். எனக்குத் தம்பியே கிடையாது. கவுன்ட்டரில் இருந்தவர் ஒரு நிமிடம் அப்பாவைப் பார்த்தார். பிறகு ரொம்ப மரியாதையாக, "முடியாதுங்களேய்யா" என்றார். நான் பூமிக்குள் போய்விடலாமா என்று நின்றேன். இப்போது அந்தக் காட்சிக்காக எத்தனை முந்நூறு வேண்டுமானாலும் கொடுப்பேன்.

இனிமேல் ஒன்றும் செலவில்லை, போலீஸ்காரர் ஒருவர் வீட்டுக்கு வந்து விசாரித்துவிட்டுப் போவார், பாஸ்போர்ட் தபாலில் வந்துவிடும் என்று மரத்தடிக்காரர் சொல்லி அனுப்பினார். நாங்களும் காத்திருந்தோம். ஒரு மாதம் போயிற்று. யாரும் வரவில்லை என்றுதான் நினைத்திருந்தோம்.

அவர் வந்திருக்கிறார். நான் ஆஸ்பத்திரியில், அப்பா தறியில், அம்மா கருமத்தம்பட்டி ரேஷன் கடையில். எங்கள் வீடு பூட்டிக் கிடந்தது. சாதாரணச் சட்டையும் பேன்ட்டும் போட்டு, கையில் ஒரு டைரியோடு வந்தவர், பக்கத்து வீட்டு அக்காவிடம் விசாரித்திருக்கிறார். பொண்ணு எப்படி, குடும்பம் எப்படி, எத்தனை நாளாக இங்கே இருக்கிறார்கள், ஏதாவது வம்பு வழக்கு உண்டா.

கோயமுத்தூர்ப் பக்கத்துக்காரர்களுக்கு இதற்கு மேல் சொல்ல வேண்டியதில்லை. வயதுப் பெண் இருக்கிற வீட்டைப் பற்றி டைரியோடு ஒருவர் பக்கத்து வீட்டில் கேட்டால், அவர் மாப்பிள்ளை வீட்டு ஆள். நேராகப் பெண் பார்க்க வருவதற்கு முன்னால் இப்படி ஒருவரை அனுப்பி, அக்கம்பக்கத்திலும் முக்குக் கடையிலும் கேட்டுத் தெரிந்துகொள்வது வழக்கம். அவர் தான் யார் என்று சொல்ல மாட்டார், நாமும் கேட்கக் கூடாது. கேட்டால் நாகரிகம் இல்லை. நாம் செய்ய வேண்டியதெல்லாம் உட்காரச் சொல்லி, காப்பி கொடுத்து, அந்தப் பெண்ணை நாலு படி உயர்த்திச் சொல்வதுதான். அக்கா அதில் கைதேர்ந்தவர். எங்கள் லைனிலேயே இரண்டு கல்யாணம் அவர் வாயால் நடந்தது.

எங்களுக்கும் குறை வைக்கவில்லை. "அவியளுக்குக் கருமத்தம்பட்டில சொந்த ஊடு இருக்குதுங்க, ரெண்டு ஏக்கரா காடு தோட்டம். இந்த லைன் ஊட்ல இருக்கற ஆளுங்களா அவிய? பொண்ணு வேலைக்குப் பக்கம்னு வந்தாங்க. வந்து நாலஞ்சு மாசம்தான் ஆகுது, பாதி நாள் அங்கதான் இருப்பாங்க" என்று சொல்லியிருக்கிறார். நாங்கள் அங்கே குடி வந்து மூன்று வருஷம். கருமத்தம்பட்டியில் எங்களுக்கு ஒரு செங்கல் கூடச் சொந்தமில்லை. கடைசியாக வந்தவர், பொண்ணு வெளிநாட்டுக்குப் போகப் போகிறதாமே என்று கேட்டிருக்கிறார். அக்கா பதறிப் போய், "யாருங்க அப்படிச் சொன்னது? அடுத்த தெருவுக்கே தனியாப் போகாத புள்ளைங்க அது" என்று முடித்துவைத்திருக்கிறார். வந்தவர் காப்பியைக் குடித்துவிட்டு எல்லாவற்றையும் எழுதிக்கொண்டு போய்விட்டார்.

அன்று மாலையே அக்கா அம்மாவிடம் வந்து கண்ணடித்து, "நல்ல சேதி வரும் பாருங்க" என்று சொன்னாராம். அம்மாவும் ஏதோ கோயில் விஷயம் என்று நினைத்து விட்டுவிட்டாள்.

வந்தது திருச்சியிலிருந்து ஒரு கடிதம். கொடுத்த முகவரியில் விண்ணப்பதாரர் ஒரு வருடம் தொடர்ந்து வசிக்கவில்லை என்று காவல்துறை அறிக்கை சொல்வதால், விண்ணப்பம் நிறுத்திவைக்கப்பட்டிருக்கிறது. ஸ்டேஷனுக்கு ஓடினோம். அந்த டைரிக்காரர் அங்கே இருந்தார். எங்கள் ரேஷன் கார்டும் பழைய முகவரியிலேயே இருந்ததைப் பார்த்துவிட்டு, "பக்கத்துல சொன்னதைத்தான் நான் எழுதினேன். சொன்னவங்களே வந்து மாத்தி எழுதிக் கொடுத்தா மறுபடி அறிக்கை அனுப்பறேன்" என்றார். நான்கு மாதத்தில் ஐந்து வாரம்தான் பாக்கி.

எனக்குக் கோபம் வந்தால் வாய் நிற்காது. குழாயடியில் ஆறு வீட்டுப் பெண்களும் இருக்கும்போதே கேட்டேன். "உங்களை யாருங்க பொய் சொல்லச் சொன்னது? எங்க வயித்துல அடிச்சுப்போட்டீங்களே." அக்கா குடத்தை இறக்கி வைத்தார். என்ன நடந்தது என்பது அவருக்குப் புரிவதற்கே கொஞ்ச நேரம் ஆனது. புரிந்ததும் குடத்தை அங்கேயே விட்டுவிட்டு வீட்டுக்குள் போய்விட்டார். அப்பா என்னை அதட்டினார். அந்த நாளை நினைத்தால் இப்போதும் எனக்கு என் மேலேயே எரிச்சல் வருகிறது.

மறுநாள் காலையில் அக்கா எங்கள் வாசலில் வந்து நின்றார். நல்ல சேலை கட்டியிருந்தார்.

"வா கண்ணு, போலாம்."

"எங்கீங்க?"

"ஸ்டேஷனுக்குத்தான். நான் சொன்னதை நான்தானே மாத்தோணும்."

அவர் வீட்டுக்காரர் லாரி ஓட்டுகிறவர், மாதத்தில் பாதி நாள் வடக்கே இருப்பார். மகளுக்கு அப்போதுதான் ஜாதகம் வெளியே கொடுத்திருந்தார்கள். பொம்பளை ஸ்டேஷன் படி ஏறினால் தெரு என்ன பேசும் என்பது எனக்குத் தெரியாதது அல்ல. என் அவசரத்தில் நான் அதை யோசிக்கவில்லை. யோசிக்கவில்லை என்பது கூடச் சரியில்லை, யோசிக்க விரும்பவில்லை.

ஸ்டேஷன் வாசல் பெஞ்சில் ஒரு மணி நேரத்துக்கு மேல் உட்கார்ந்திருந்தோம். எதிரே பஸ் ஸ்டாப். தெரிந்த முகங்கள் நின்று பார்த்துவிட்டுப் போயின. அக்கா முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு தரையையே பார்த்துக்கொண்டிருந்தார். உள்ளே கூப்பிட்டதும் எழுந்து போய், "நான் பொய் சொல்லிப்போட்டேனுங்க. நீங்க பொண்ணு கேட்டு வந்தீங்கன்னு நெனச்சுட்டனுங்க" என்றார். டைரிக்காரர் முதலில் விழித்தார், பிறகு சிரிப்பை அடக்க முடியாமல் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். நல்ல மனுஷர். அன்றைக்கே எழுதி வாங்கிக்கொண்டு, "உங்க காப்பி நல்லா இருந்துச்சுங்க" என்று சொல்லி அனுப்பினார்.

கெடுவுக்கு ஆறு நாள் இருக்கும்போது பாஸ்போர்ட் வந்தது. தபால்காரர் கையில் அப்பா கொடுத்த பத்து ரூபாயோடு செலவு முடிந்தது என்று நினைத்தோம். நான் மஸ்கட் போனேன். மூன்றாம் மாதம் அப்பா தறியை விட்டார்.

ஒரு வருஷம் கழித்து அம்மாவிடமிருந்து கடிதம் வந்தது. வழக்கம் போல முதல் பக்கம் முழுக்க அப்பாவின் உடம்பு, ஆட்டுக்கால் சூப்பு, லைனில் யார் வந்தார் யார் போனார். நடுவில் அக்காவின் மகள் விஷயம். அன்னூர்ப் பக்கமிருந்து நல்ல இடம் ஒன்று கிட்டத்தட்டக் கூடி வந்திருந்தது. விசாரிக்க ஆள் வந்திருக்கிறார். எங்கள் வீட்டுக்கும் வந்திருக்கிறார். பொண்ணோட அம்மா போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனதாகக் கடையில் பேச்சிருக்கிறதே, நிஜமா என்று கேட்டிருக்கிறார்.

அம்மாவுக்குப் பொய் வராது. "ஆமாங்க, போனாங்க, எங்க புள்ளைக்காகத்தான் போனாங்க, அந்த மாதிரி ஒரு மனசு யாருக்கு வருமுங்கன்னு பெருமையாச் சொன்னேன் கண்ணு" என்று எழுதியிருந்தாள். வந்த ஆள் 'ஆமாங்க' வரைக்கும்தான் கேட்டிருக்கிறார். அந்த இடம் நின்றுபோயிற்று. அந்த வரியை அம்மா எந்தப் பூச்சும் இல்லாமல் எழுதியிருந்தாள். ஹாஸ்டல் அறையில் உட்கார்ந்து வாழ்க்கையில் முதல் தடவையாக, என் அம்மா ஒரு பொய் சொல்லியிருக்கக் கூடாதா என்று அழுதேன்.

இரண்டு வருஷம் முடிந்து லீவில் வந்தபோது வந்த அன்றே அக்கா வீட்டுக்குப் போனேன். பாயை விரித்துப் போட்டு, காப்பி கொடுத்து, என்னைச் சுற்றிச் சுற்றிப் பார்த்து, இளைத்துப்போனாய் என்று குறைப்பட்டார். மகள் ஒரு பனியன் கம்பெனியில் செக்கிங் வேலைக்குப் போய்க்கொண்டிருந்தாள். இன்னும் இடம் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பஸ்ஸில் வரும்போதே மன்னிப்புக் கேட்பதற்கு என்னென்னவோ வார்த்தைகளைச் சேர்த்து வைத்திருந்தேன். வாயைத் திறந்ததும், "அம்மா அன்னிக்கு அப்படிச் சொல்லியிருக்க வேண்டாமுங்க அக்கா" என்பது மட்டும்தான் வந்தது.

அக்கா டம்ளரை என் பக்கம் நகர்த்தினார்.

"உங்கம்மாகிட்டக் கேட்டா உள்ளதத்தான் சொல்லுவாங்கன்னு எனக்குத் தெரியாதா கண்ணு? ஸ்டேஷனுக்குச் சேலை மாத்தறப்பவே தெரியும், இது என்ற புள்ள கல்யாணத்துல வந்து நிக்கும்னு. ஆனா உங்கப்பன் இருமறது எங்க ஊட்டுச் செவுத்துக்கு இந்தப் பக்கம் கேக்கும். என்ற புள்ளயும் அதைக் கேட்டுட்டுத்தான் படுத்திருப்பா. போயிட்டு வாம்மான்னு அவதான் சொன்னா."

அவர் மகளுக்கென்று ஒரு சென்ட் பாட்டில் வாங்கி வந்திருந்தேன். பைக்குள்ளேயே அதைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். எடுத்துக் கொடுக்க வெட்கமாக இருந்தது.