பச்சைக்காரன் அறுபதுக்குப் போன ஞாயிறு

படங்களை ஏலம் விடும் விளையாட்டு ஒன்று எங்கள் வீட்டில் இருக்கிறது. மகள் வேலை கிடைத்து பெங்களூருக்குப் போனபோது விட்டுப்போன பெட்டி. தோழிகளோடு விளையாடிச் சண்டை வந்து பேச்சே நின்றுபோனதாம், அதனால் விட்டுப்போனாள். சீட்டில் இருக்கும் ஓவியங்களைப் பற்றிச் சொல்ல எனக்கு ஒன்றும் இல்லை. பாதியைத் தலைகீழாக வைத்தாலும் வித்தியாசம் தெரியாது. அதனால் நஷ்டமும் இல்லை. இந்த விளையாட்டில் ஓவியத்தை யாரும் பார்க்க வேண்டாம்.

ஐந்து ஓவியர்கள். அவர்கள் பெயர் எங்கள் யார் வாயிலும் நுழையாது. சீட்டின் நிறத்தை வைத்துப் பச்சைக்காரன், சிவப்புக்காரன் என்று சொல்லிக்கொள்வோம். ஆளுக்குக் கொஞ்சம் சீட்டு, கொஞ்சம் விளையாட்டுப் பணம். பணத்தை ஒரு அட்டைக்குப் பின்னால் மறைத்து வைக்க வேண்டும். முறை வரும்போது கையிலிருந்து ஒரு படத்தைப் போட்டு ஏலம் விடுகிறோம். எந்த மாதிரி ஏலம் என்பது அந்தச் சீட்டிலேயே இருக்கும். அடுத்தவர் எடுத்தால் காசு நமக்கு. நாமே எடுத்தால் காசு பேங்குக்கு. ஒரே ஓவியரின் ஐந்தாவது படம் விழுந்ததும் அந்தச் சுற்று அதோடு முடிந்தது. யாருடைய படங்கள் அதிகம் விழுந்தனவோ, அந்த மூன்று ஓவியர்களின் படத்துக்கு மட்டும்தான் பேங்க் விலை கொடுக்கும். முதல் ஆளின் படம் ஒன்றுக்கு முப்பதாயிரம், அடுத்தவருக்கு இருபது, மூன்றாமவருக்குப் பத்து. மற்ற இரண்டு பேரின் படத்தை வாங்கியவர் கையில் இருப்பது வெறும் காகிதம். முந்தின சுற்றில் கிடைத்த விலை இந்தச் சுற்றில் சேரும்தான். ஆனால் இந்தச் சுற்றிலும் முதல் மூன்றுக்குள் வந்தாக வேண்டும். இப்படி நான்கு சுற்று. கடைசியில் யாரிடம் பணம் அதிகமோ அவர் ஜெயித்தார்.

என் வீட்டுக்காரருக்கு இதை யாரும் இரண்டு முறை விளக்கவில்லை. ஆரியசாலைக் கடைத்தெருவில் மிளகாய்வற்றலும் மல்லியும் மொத்த வியாபாரம் செய்தவர். "சரக்கு நல்லதா இல்லையாங்கது பேச்சே இல்ல. எது ஓடுதுங்கதுதான்" என்று முதல் நாளே சொல்லிவிட்டார்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் மணக்காட்டிலிருந்து என் கொழுந்தனும் அவர் மனைவியும் ஸ்கூட்டரில் வருவார்கள். நாலு பேர் விளையாடுவோம். அண்ணனும் தம்பியும் ஒரு பச்சைக்காரனுக்காகத் தொண்டை கிழியக் கத்துவதைக் கேட்டு மாடி வீட்டு மலையாளி அம்மா ஒரு தடவை இறங்கி வந்து, யாருக்காவது உடம்புக்குச் சரியில்லையா என்று கேட்டிருக்கிறார்.

போன வருஷம் கடையை மூடினோம். எனக்கு அதில் ஒரு துளி வருத்தம் இல்லை. வற்றல் நெடியில் தும்மித் தும்மியே என் பாதி ஆயுசு போயிற்று. கடன் எதுவும் இல்லாமல்தான் மூடினோம். ஆனால் சொந்தக்காரர்கள் விடவில்லை. துக்கம் விசாரிக்கிற மாதிரி வந்து, என் வீட்டுக்காரர் முகத்தைப் பார்த்துப் பெருமூச்சு விட்டு, காப்பி குடித்துவிட்டுப் போனார்கள். எனக்கு அவர்கள் டம்ளரைப் பிடுங்கலாம் போல இருந்தது.

அதற்குப் பிறகு விளையாட்டில் அவர் தொடர்ந்து ஜெயிக்க ஆரம்பித்தார். எனக்கு உடனே புரியவில்லை. ஒரு ஞாயிறு கவனித்தேன். அவர் விலை கேட்டதும் கொழுந்தன் வாயை மூடிக்கொள்கிறார். கொழுந்தன் மனைவி சீட்டை ஆராய்கிற மாதிரி குனிந்துகொள்கிறாள்.

எங்கள் தெருவில் மாதச் சிட்டி உண்டு, எல்லோரும் பணம் போட்டு மாதம் ஒருவர் எடுக்கும் சீட்டுதான். சிட்டி எடுப்பவரை லேலத்தில்தான் முடிவு செய்வார்கள். ஏலத்துக்கு இங்கே லேலம் என்றுதான் சொல்வது. யார் வீட்டிலாவது கல்யாணமோ ஆஸ்பத்திரியோ என்றால் அந்த மாதம் மற்றவர்கள் போட்டிக்கு வரமாட்டார்கள். கஷ்டப்படுகிறவர் குறைந்த தள்ளுபடியில் எடுத்துக்கொண்டு போவார். நல்ல பழக்கம்தான். அந்த நல்ல பழக்கத்தைக் கொண்டுவந்து என் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் வைத்துவிட்டார்கள்.

என் வீட்டுக்காரருக்கு அது எனக்கு முன்னாலேயே தெரிந்திருக்கிறது. அன்றைக்கு விளையாட்டின் நடுவில் சீட்டைக் கவிழ்த்து வைத்தார். "தலை வலிக்கு. நீங்க விளையாடுங்க" என்று எழுந்து படுக்கையறைக்குப் போய்விட்டார். அடுத்த ஞாயிறும் வரவில்லை. கடை போனபோது கூட அந்த மனுஷன் அப்படிப் படுத்ததில்லை. இப்படியே விட்டால் ஒரு மூலையில் உட்கார்த்தி வைத்துப் பரிதாபப்படுகிற ஆளாக ஆகிவிடுவார் என்று எனக்குப் பயம் வந்தது.

கொழுந்தனைப் பிடித்தேன். "அவரு விலை கேட்டா உங்க வாயில என்ன, கொழுக்கட்டையா?"

"போட்டும் மதினி. கடையும் போச்சுல்லா. இதுலயாவது ஜெயிக்கட்டும்னுதான்."

"அத்தான் மொகத்தப் பாத்தா சங்கடமாட்டு இருக்குக்கா" என்றாள் அவர் மனைவி.

"அவரு கடையத்தான் மூடினாரு. கண்ணை மூடல. இனி விட்டுக்குடுக்கணும்னா ரெண்டு பேரும் இந்தப் படி ஏறாண்டாம்."

உள்ளே போய் இவரிடமும் சொன்னேன், வந்து உட்காருங்கள் என்று.

"எனக்கு என்னத்துக்குட்டீ? நான் கேட்டா மத்தவன் வாயப் பொத்துகான். இது லேலமா, தர்மமா?"

"நான் பொத்தினேனா?"

"நீ என்னைக்கு வாயப் பொத்தியிருக்க?"

அடுத்த ஞாயிறு வந்து உட்கார்ந்தார். முகம் கடுகடு என்றிருந்தது. முதல் சுற்றில் ஒரு படத்துக்கு மூடிய கை ஏலம் வந்தது. எல்லோரும் பணத்தைக் கைக்குள் வைத்து ஒரே நேரத்தில் திறக்க வேண்டும். கொழுந்தன் கையைத் திறந்தார். உள்ளே ஒன்றும் இல்லை. நான் அவரை முறைத்த முறைப்பில் அவர் மனைவி தன் சீட்டைக் கீழே போட்டுவிட்டாள். இவர் அந்த வெறுங்கையையே பார்த்தார். எழுந்துபோய்விடுவார் என்றே நினைத்தேன்.

மூன்றாவது சுற்று. இவர் ஒரு பச்சைக்காரனைப் போட்டார். பச்சைக்காரனுக்கு முந்தின இரண்டு சுற்றிலும் நல்ல விலை வந்து ஐம்பதாயிரம் சேர்ந்திருந்தது. ஆனால் இந்தச் சுற்றில் இதுதான் அவனுடைய இரண்டாவது படம். நீலமும் மஞ்சளும் மும்மூன்று விழுந்திருந்தன, சிவப்பு நான்கு. யார் வேண்டுமானாலும் எவ்வளவு வேண்டுமானாலும் கத்தலாம் என்கிற ஏலம்.

"பத்து" என்றாள் கொழுந்தன் மனைவி. நான் இருபது. இவர் முப்பது. நான் நாற்பது. இவர் நாற்பத்தைந்து. நான் ஐம்பது. கொழுந்தன் தன் சீட்டையே வெறித்துக்கொண்டிருந்தார், காது மட்டும் சிவந்திருந்தது.

இவர் பழைய கடைக் குரலில் ஆரம்பித்தார். "அம்பது ஒரு தரம். அம்பது ரண்டு தரம்..."

"அறுவது!" என்று கத்தினார் கொழுந்தன். கத்திய பிறகுதான் தான் கத்தியதே அவருக்குத் தெரிந்தது.

"மூணு தரம்! எடு காச!" இவர் மேசையைத் தட்டினார்.

அடுத்தது என் முறை. ஐந்தாவது சிவப்பு என் கையில் இருந்தது. பச்சைக்காரன் ஐம்பதுக்கு எனக்குக் கிடைத்திருந்தால் அந்தச் சிவப்பை நான் வெளியே எடுத்திருக்கவே மாட்டேன். கிடைக்கவில்லை. எடுத்துப் போட்டேன். சுற்று முடிந்தது. பச்சைக்காரன் முதல் மூன்றில் இல்லை.

"மதினி! என்ன செய்யுதிய?"

"விளையாடுகேன்."

"என் கையில இன்னும் ரண்டு பச்சை இருக்கு!"

"பத்திரமா வச்சுக்கிடுங்க."

கொழுந்தன் எழுந்தே விட்டார். "அறுபதாயிரம்! ஒரு காகிதத்துக்கு! அண்ணன் கொள்ளைக்காரன்னா மதினி அதுக்கு மேல. புருசனும் பொண்டாட்டியும் சேந்து கள்ள யாவாரமா நடத்துகிய?"

"லேய், ஆரு உன்ன லேலம் விளிக்கச் சொன்னா?" என்று கேட்டார் இவர். கேட்டுவிட்டுச் சிரிக்க ஆரம்பித்தார். சிரித்து, இருமி, தண்ணீர் குடித்து, மறுபடியும் சிரித்தார். கடை மூடிய நாளிலிருந்து தம்பி அவரிடம் குரலை உயர்த்தியதே இல்லை. அன்றைக்குக் கொள்ளைக்காரன் என்றார். இவர் அதைப் பட்டம் கிடைத்த மாதிரி வாங்கிக்கொண்டார்.

நான்காவது சுற்றில் கொழுந்தன் வெறிபிடித்து விளையாடினார். அண்ணன் எதைத் தொட்டாலும் அதற்கு மேல் கேட்டார். அண்ணனும் விடவில்லை. மாடி வீட்டு அம்மா ஜன்னலைச் சாத்தினார். இந்தக் கூச்சலுக்குள் கொழுந்தன் மனைவி எட்டுக்கும் பத்துக்கும் மஞ்சள் படங்களாக வாங்கிச் சேர்த்திருக்கிறாள். ஒருவர் கண்ணிலும் படவில்லை. அவள்தான் ஜெயித்தாள். இவர் மூன்றாவது. நம்பாமல் பணத்தைத் திரும்ப எண்ணச் சொன்னார், எண்ணிய பிறகும் நம்பவில்லை.

"உன்கிட்ட நான் தோக்கல லே. உன் பொண்டாட்டிகிட்டதான் தோத்தேன்."

"ஆர்கிட்டயானா என்ன? தோத்தாச்சுல்லா!" கொழுந்தன் செருப்பை மாட்டிக்கொண்டே சொன்னார். "அடுத்த ஞாயிறு வாறேன். மொட்டை அடிச்சுட்டுப் போறேனா இல்லியா பாரும்."

"வா, வா. காசு கொண்டு வா."

எனக்குத் திருப்தியாக இருந்தது. கடைசி இடம் எனக்குத்தான். அந்தப் பச்சைக்காரனுக்கு அறுபத்தைந்து கேட்டிருக்கலாமோ என்று பாத்திரம் கழுவும்போது நினைத்தேன், எரிச்சல் வந்தது.